ஐம்பத்தாறு என்று பெயர் வைத்தார்கள்!



உங்கள் வகுப்பில் முருகன் இருப்பான், மேரி இருப்பாள், சலீம் இருப்பான். ஐம்பத்தாறு என்ற பெயரில் யாராவது இருக்கிறார்களா? சிரிப்பு வருகிறதா? ஜப்பானில் ஒரு குழந்தைக்கு உண்மையிலேயே அப்படித்தான் பெயர் வைத்தார்கள். அந்தக் குழந்தை வளர்ந்து, ஜப்பான் கடற்படைக்கே தலைமைத் தளபதி ஆனது. உலகிலேயே மிகப் பெரிய பீரங்கிப் போர்க்கப்பலில் கொடியேற்றி நின்றது.

அந்தக் கப்பலைக் கட்டாதீர்கள் என்று முன்பே சொன்னவரும் அவர்தான். அமெரிக்காவோடு போர் வேண்டாம் என்று எச்சரித்தவரும் அவர்தான். கடைசியில் அந்தப் போரைத் தொடங்கி வைத்தவரும் அவரேதான்! வங்காள விரிகுடாவில் நம் கரையோர மக்கள் ஒரு காலத்தில் நடுங்கியதற்குக் காரணமும் அவருடைய கடற்படைதான்.

அவர் பெயர் இசோரோகு யாமமோட்டோ. வாருங்கள், அவர் கதையைப் பார்ப்போம்.

அப்பாவின் வயதே பெயர்

ஜப்பானில் நாகவோகா என்று ஓர் ஊர். குளிர்காலத்தில் பனி கொட்டித் தீர்க்கும் ஊர். அங்கே 1884 ஏப்ரல் 4-ம் தேதி பிறந்தார் இசோரோகு. அப்போது அவருடைய அப்பாவுக்கு வயது 56. ஜப்பானிய மொழியில் இசோ என்றால் ஐம்பது, ரோகு என்றால் ஆறு. அப்பாவின் வயதையே மகனுக்குப் பெயராக வைத்து விட்டார்கள்.

அவர்கள் சாமுராய் என்னும் போர் வீரர் பரம்பரையைச் சேர்ந்தவர்கள். ஆனால், 1868-ல் நடந்த உள்நாட்டுப் போரில் நாகவோகா வீரர்கள் தோற்ற பக்கத்தில் இருந்தார்கள். செல்வமும் செல்வாக்கும் போயின. அப்பா பள்ளிக்கூட ஆசிரியராக வேலை பார்த்துப் பிள்ளைகளை வளர்த்தார். போரில் தோற்றால் ஒரு குடும்பம் என்ன ஆகும் என்பது சிறுவன் இசோரோகுவுக்கு வீட்டிலேயே தெரிந்த பாடம்.

பிறந்தபோது அவருடைய குடும்பப் பெயர் தகானோ. பின்னாளில், 1916-ல், யாமமோட்டோ என்ற குடும்பத்துக்கு அவர் தத்துப் பிள்ளையாகப் போனார். ஆண் வாரிசு இல்லாத குடும்பம், பெயர் அழிந்து போகாமல் இருக்க வளர்ந்த பிள்ளையையே தத்தெடுப்பது அங்கே வழக்கம். அதனால்தான் அவர் இசோரோகு யாமமோட்டோ ஆனார்.

இரண்டு விரல்கள் போயின!

1901-ல் கடற்படைப் பயிற்சிக் கல்லூரியில் சேர்ந்தார் இசோரோகு. 1904-ல் படிப்பு முடிந்தது. அந்த ஆண்டுதான் ஜப்பானுக்கும் ரஷ்யாவுக்கும் போர் மூண்டது. படிப்பை முடித்த கையோடு போர்க்களம்!

1905 மே 27. சுஷிமா என்ற இடத்தில் இரண்டு கடற்படைகளும் மோதின. நிஷின் என்ற கப்பலில் இருந்தார் 21 வயது இசோரோகு. குண்டு வெடித்ததில் இடது கையின் இரண்டு விரல்கள் துண்டாயின. காலிலும் பலத்த காயம். ஆனால், உயிர் தப்பினார்.

அந்தப் போரில் ஜப்பானுக்கு மாபெரும் வெற்றி. பாதி உலகத்தைச் சுற்றி வந்த ரஷ்யக் கடற்படை ஏறக்குறைய முழுவதும் அழிந்தது. ஐரோப்பிய வல்லரசு ஒன்றை ஓர் ஆசிய நாடு வென்று விட்டதே என்று உலகமே வியந்தது. அடிமைப்பட்டுக் கிடந்த நம் இந்தியாவிலும் அந்தச் செய்தி பலருக்கு உற்சாகம் தந்தது.

ஜப்பான் கடற்படையின் பெரியவர்கள் அந்த வெற்றியிலிருந்து ஒரு பாடம் கற்றுக்கொண்டார்கள். பெரிய கப்பல், பெரிய பீரங்கி, ஒரே ஒரு பெரிய சண்டை. இந்த மூன்றும் இருந்தால் போதும், போரில் ஜெயித்து விடலாம் என்பதுதான் அந்தப் பாடம். நாற்பது ஆண்டுகள் வரை அதை அவர்கள் மறக்கவில்லை. அதுதான் பின்னால் வினையாக முடிந்தது.

அமெரிக்காவில் பார்த்தது என்ன?

1919-ல் யாமமோட்டோவை மேல்படிப்புக்காக அமெரிக்காவுக்கு அனுப்பினார்கள். புகழ்பெற்ற ஹார்வர்டு பல்கலைக்கழகத்தில் படித்தார். ஆங்கிலம் நன்றாகப் பேசக் கற்றார். சீட்டு விளையாட்டில் கில்லாடி என்று பெயர் வாங்கினார். இன்னொரு வேடிக்கை தெரியுமா? தலைகீழாக நின்று காட்டுவதில் அவர் மன்னன்!

விளையாட்டோடு விளையாட்டாக அவர் வேறொரு வேலையும் செய்தார். ஊர் ஊராகச் சுற்றினார். எண்ணெய்க் கிணறுகளைப் பார்த்தார். வரிசை வரிசையாகக் கார்கள் தயாராகும் தொழிற்சாலைகளைப் பற்றித் தெரிந்துகொண்டார். 1926-ல் மீண்டும் அமெரிக்காவுக்குப் போய், தலைநகர் வாஷிங்டனில் ஜப்பான் தூதரகத்தின் கடற்படை அதிகாரியாக இரண்டு ஆண்டுகள் இருந்தார்.

அப்போது அவருக்கு ஓர் உண்மை நன்றாகப் புரிந்தது. கப்பல் ஓட எண்ணெய் வேண்டும். விமானம் பறக்க எண்ணெய் வேண்டும். ஜப்பானில் எண்ணெய் வளம் மிகக் குறைவு. தேவையில் பெரும்பகுதியை அமெரிக்காவிடம்தான் விலைக்கு வாங்கிக்கொண்டிருந்தது. யாரிடம் எண்ணெய் வாங்குகிறோமோ அவர்களோடேயே சண்டை போட்டால் என்ன ஆகும்? நீங்களே யோசித்துப் பாருங்கள்.

நாற்பது வயதில் விமானப் பாடம்

அந்தக் காலத்தில் விமானம் என்றால் மரமும் துணியும் கம்பியும் சேர்ந்த பொம்மை போன்ற ஒரு பொருள். அது போய்ப் பெரிய கப்பலை என்ன செய்துவிடும் என்று பலர் ஏளனம் செய்தார்கள். யாமமோட்டோ அப்படி நினைக்கவில்லை. 1924-ல், தமது நாற்பதாவது வயதில், கடற்படை விமானிகள் பயிற்சி பெறும் கசுமிகவுரா தளத்துக்குப் போனார். தம்மைவிட மிகவும் இளைய வீரர்களோடு சேர்ந்து, விமானம் ஓட்டக் கற்றுக்கொண்டார்.

1928-ல் அகாகி என்ற கப்பலுக்குத் தலைவர் ஆனார். அது விமானம் தாங்கிக் கப்பல். அதாவது, கப்பலின் மேல்தளமே ஓடுபாதை. நடுக்கடலில் அங்கிருந்து விமானங்கள் கிளம்பும். அங்கேயே வந்து இறங்கும். பீரங்கிக் குண்டு அதிகம் போனால் நாற்பது கிலோ மீட்டர் அளவுக்குத்தான் போகும். விமானமோ நூற்றுக்கணக்கான கிலோ மீட்டர் பறந்து போய்க் குண்டு போடும். இனி கடல் சண்டையில் வெல்லப்போவது விமானமே என்று யாமமோட்டோ முடிவுக்கு வந்தார். புதிய புதிய கடற்படை விமானங்களை உருவாக்குவதில் தீவிரமாக இறங்கினார்.

ரகசியமாகப் பிறந்த ராட்சதன்

1922-ல் வல்லரசு நாடுகள் கூடி ஓர் ஒப்பந்தம் செய்திருந்தன. பெரிய போர்க்கப்பல்களின் மொத்த எடையில் அமெரிக்காவுக்கு 5 பங்கு, பிரிட்டனுக்கு 5 பங்கு, ஜப்பானுக்கு 3 பங்கு என்பது கணக்கு. இது ஜப்பானியர் பலருக்குப் பிடிக்கவில்லை. 1936-ம் ஆண்டு முடிவில் ஜப்பான் அந்த ஒப்பந்தத்திலிருந்து வெளியேறியது.

எண்ணிக்கையில் அமெரிக்காவோடு போட்டி போட முடியாது. அதனால் எவரிடமும் இல்லாத அளவுக்குப் பெரிய கப்பலைக் கட்டலாம் என்று ஜப்பான் அதிகாரிகள் திட்டம் போட்டார்கள். அதில் ஒரு தந்திரமும் இருந்தது. அமெரிக்கக் கப்பல்கள் அட்லாண்டிக் கடலிலிருந்து பசிபிக் கடலுக்கு வர, பனாமா கால்வாயைக் கடக்க வேண்டும். கால்வாயின் அகலத்துக்குள் அடங்கும் கப்பலைத்தான் அவர்கள் கட்ட முடியும். நாம் அதைவிட அகலமாகக் கட்டுவோம் என்று கணக்குப் போட்டார்கள்.

யாமமோட்டோ இதை எதிர்த்தார். எவ்வளவு பெரிய கப்பலாக இருந்தாலும் விமானங்கள் கூட்டமாக வந்து தாக்கினால் மூழ்கிப் போகும், அந்தப் பணத்தில் விமானங்களைச் செய்யுங்கள் என்று வாதாடினார். பெரியவர்கள் கேட்கவில்லை. 1937 நவம்பரில் கூரே துறைமுகத்தில் முதல் ராட்சதக் கப்பலின் வேலை தொடங்கியது. அதன் பெயர் யமாட்டோ. ஜப்பானின் பழைய பெயர் அது. யாமமோட்டோ மனிதர், யமாட்டோ கப்பல். குழம்பி விடாதீர்கள்!

இரண்டாவது கப்பலான முசாஷியின் வேலை 1938-ல் நாகசாகியில் தொடங்கியது. எதிரி ஒற்றர்கள் பார்த்து விடக் கூடாதே! அதற்காகக் கயிற்றால் பின்னிய திரைகளைச் சுற்றிலும் தொங்கவிட்டார்கள். அதற்கே மலைபோல் கயிறு தேவைப்பட்டது. மீனவர்களுக்கு வலை பின்னக்கூடக் கயிறு கிடைக்காமல் போய் விட்டது. முசாஷியைத் தண்ணீரில் இறக்கிய நாளில், விமானத் தாக்குதல் ஒத்திகை என்று சொல்லி ஊர் மக்களை வீட்டுக்குள்ளேயே இருக்கச் செய்தார்கள். அவ்வளவு பெரிய உடம்பு தண்ணீரில் விழுந்ததும் எழும்பிய அலை, எதிர்க் கரையில் இருந்த வீடுகளுக்குள் புகுந்து விட்டதாம்!

யமாட்டோ எவ்வளவு பெரியது? நீளம் 263 மீட்டர். புதுச்சேரி கடற்கரைச் சாலையில் அதை நிறுத்தி வைத்தால், ஒரு முனையிலிருந்து மறுமுனைக்கு நீங்கள் நடந்து போக மூன்று, நான்கு நிமிடம் ஆகும். முழுச் சுமையோடு எடை சுமார் 72,000 டன். ஒன்பது பெரிய பீரங்கிகள். ஒவ்வொன்றின் வாயும் 46 செ.மீ. அகலம். அடி ஸ்கேலை ஒன்றரை முறை வைத்துப் பாருங்கள், தெரியும். ஒரு குண்டு ஆளுயரம் இருக்கும். எடை 1,460 கிலோ. அதைச் சுட்டால் 42 கிலோ மீட்டர் போய் விழும். அதாவது, புதுச்சேரி கடற்கரையிலிருந்து சுட்டால் விழுப்புரத்தையே தாக்கலாம்!

சொன்னார், கேட்கவில்லை

1936 முடிவில் யாமமோட்டோ கடற்படைத் துறையின் துணை அமைச்சர் ஆனார். அப்போது ஜெர்மனியில் ஹிட்லர் ஆட்சி. ஹிட்லரோடு கூட்டணி வைக்க ஜப்பான் ராணுவத்தில் பலர் துடித்தார்கள். யாமமோட்டோ கூடாது என்றார். ஹிட்லரோடு சேர்ந்தால் அமெரிக்காவோடும் பிரிட்டனோடும் போர் வரும் என்பது அவர் பயம். துரோகி என்று அவரைத் திட்டினார்கள். கொன்று விடுவோம் என்று மிரட்டல் கடிதங்கள் வந்தன. அவர் கருத்தை மாற்றிக்கொள்ளவில்லை.

1939 ஆகஸ்டில் அவரைக் கடற்படையின் கூட்டுப்படைத் தலைமைத் தளபதியாக நியமித்தார்கள். தலைநகரில் இருந்தால் அவர் உயிருக்கு ஆபத்து, கடலில் இருந்தால் பாதுகாப்பு என்பதும் அதற்கு ஒரு காரணம். அவர் கடலுக்குப் போனார். 1940 செப்டம்பரில் ஜெர்மனி, இத்தாலியோடு ஜப்பான் கூட்டணி ஒப்பந்தம் செய்தே விட்டது.

போர் வந்தால் என்ன ஆகும் என்று பிரதமர் கொனோயே அவரிடம் கேட்டார். ஆறு மாதமோ ஓர் ஆண்டோ நன்றாகச் சண்டை போடுவேன், அதற்கு மேல் எனக்கு நம்பிக்கை இல்லை என்ற பொருளில் பதில் சொன்னார் யாமமோட்டோ.

1941-ல் அமெரிக்கா ஜப்பானுக்கு எண்ணெய் விற்பதை நிறுத்தியது. ஜப்பான் போருக்குத் தயாரானது. போர் என்று முடிவானால், முதல் அடியிலேயே அமெரிக்கக் கடற்படையை வீழ்த்த வேண்டும் என்று யாமமோட்டோ ஒரு திட்டம் வைத்திருந்தார். மிகவும் ஆபத்தான திட்டம் என்று மேலதிகாரிகள் தயங்கினார்கள். ஏற்காவிட்டால் பதவி விலகி விடுவேன் என்று சொல்லி அனுப்பினார். திட்டத்தை ஏற்றுக்கொண்டார்கள்.

இங்கே சற்று நில்லுங்கள். தோல்வியில் முடியும் என்று தெரிந்த போர். அந்தப் போரை நிறுத்தப் பதவி விலகுகிறேன் என்று அவர் சொல்லவில்லை. தமது தாக்குதல் திட்டத்தை நிறைவேற்றவே அப்படிச் சொன்னார். அவர் வாழ்க்கையில் நாம் மிகவும் யோசிக்க வேண்டிய இடம் இதுதான்.

பேர்ல் துறைமுகம்

1941 டிசம்பர் 7, ஞாயிற்றுக்கிழமை காலை. ஹவாய்த் தீவில் உள்ள பேர்ல் துறைமுகத்தில் அமெரிக்கக் கப்பல்கள் வரிசையாக நின்றன. ஆறு ஜப்பானிய விமானம் தாங்கிக் கப்பல்களிலிருந்து கிளம்பிய 350 விமானங்கள் திடீரென்று குண்டு மழை பொழிந்தன. போர் அறிவிப்பு எதுவும் அதற்கு முன் அமெரிக்காவுக்குப் போய்ச் சேரவில்லை. எட்டு பீரங்கிப் போர்க்கப்பல்களும் அடிபட்டன. அவற்றில் நான்கு மூழ்கின. 2,403 அமெரிக்கர்கள் உயிரிழந்தார்கள்.

ஆனால், அமெரிக்காவின் விமானம் தாங்கிக் கப்பல்கள் அன்று துறைமுகத்தில் இல்லை. அவை தப்பின!

மூன்று நாள் கழித்து, டிசம்பர் 10-ம் தேதி, மலேயா அருகே பிரிட்டனின் பிரின்ஸ் ஆப் வேல்ஸ், ரிபல்ஸ் என்ற இரண்டு பெரிய போர்க்கப்பல்களை ஜப்பானிய விமானங்கள் மூழ்கடித்தன. 840 பேர் இறந்தார்கள். அந்த விமானங்கள் கிளம்பிய இடம் சைகோன் பகுதி. ஆம், அப்போது பிரெஞ்சு ஆட்சியில் இருந்த அதே சைகோன். புதுச்சேரிக்காரர்கள் பலர் குடும்பத்தோடு போய் வேலை பார்த்த ஊர் அது. உங்கள் தாத்தா, பாட்டியிடம் கேட்டுப் பாருங்கள். அந்த ஊர்ப் பெயரை நிச்சயம் கேள்விப்பட்டிருப்பார்கள்.

நடுக்கடலில் ஓடிக்கொண்டிருக்கும் பெரிய போர்க்கப்பலையும் விமானத்தால் மூழ்கடிக்க முடியும் என்பது நிரூபணம் ஆகி விட்டது. யாமமோட்டோ சொன்னதுதான் சரி. வேடிக்கை என்ன தெரியுமா? அதற்கு ஆறே நாள் கழித்து, டிசம்பர் 16-ம் தேதிதான் யமாட்டோ கடற்படையில் சேர்ந்தது. பிறக்கும்போதே அதன் காலம் முடிந்து விட்டது!

நம் கடலில் வந்த ஆபத்து

1942 பிப்ரவரியில் யாமமோட்டோ தமது தலைமை அலுவலகத்தை யமாட்டோவுக்கு மாற்றிக்கொண்டார். அதே மாதம் சிங்கப்பூர் ஜப்பானிடம் வீழ்ந்தது. மார்ச் மாதம் அந்தமானின் போர்ட் பிளேரும் வீழ்ந்தது. அடுத்து இந்தியாதானோ என்ற பயம் நம் கரையெங்கும் பரவியது.

யாமமோட்டோவின் கீழ் இருந்த நகுமோ என்ற தளபதி, ஐந்து விமானம் தாங்கிக் கப்பல்கள், நான்கு பீரங்கிப் போர்க்கப்பல்களோடு இந்தியப் பெருங்கடலுக்குள் நுழைந்தார். ஏப்ரல் 5-ம் தேதி கொழும்பு மீது குண்டு விழுந்தது. இரண்டு பிரிட்டிஷ் போர்க்கப்பல்கள் கடலில் மூழ்கின. ஏப்ரல் 6-ம் தேதி வேறொரு ஜப்பானியப் படை விசாகப்பட்டினம், காக்கிநாடா மீது குண்டு போட்டது. ஏப்ரல் 9-ம் தேதி திருகோணமலை தாக்கப்பட்டது. மட்டக்களப்பு அருகே ஹெர்மிஸ் என்ற பிரிட்டிஷ் விமானம் தாங்கிக் கப்பல் மூழ்கி 300-க்கும் மேற்பட்டோர் இறந்தார்கள். அன்று அந்தக் கப்பலில் விமானம் ஒன்றுகூட இல்லை!

வரைபடத்தை எடுத்துப் பாருங்கள். மேலே காக்கிநாடா. கீழே திருகோணமலை. நடுவில் சென்னை, புதுச்சேரி, கடலூர், நாகப்பட்டினம். சென்னையிலிருந்து மக்கள் மூட்டை முடிச்சோடு உள்ளூர்களுக்கு ஓடினார்கள். அரசு அலுவலகங்கள் இடம் மாறின. குண்டு விழுந்து கூண்டு உடைந்தால் என்ன செய்வது என்று பயந்து, உயிரியல் பூங்காவில் இருந்த கொடிய விலங்குகளைச் சுட்டுக் கொன்றார்கள். பாவம், அவை என்ன தவறு செய்தன?

புதுச்சேரி அப்போது பிரெஞ்சு ஆட்சியில் இருந்தது. 1940-லேயே இங்கிருந்த கவர்னர் போன்வேன், ஹிட்லரை எதிர்த்த தளபதி டி கால் பக்கம் சேர்ந்து விட்டார். அதனால் இந்த ஊரும் ஜப்பானின் எதிரணியில்தான் இருந்தது. நல்லவேளையாக, அந்த ஏப்ரல் மாதத்தில் இங்கே குண்டு எதுவும் விழவில்லை. ஜப்பானியக் கப்பல்கள் திரும்பிப் போய் விட்டன.

ஆனால், மலேயாவில் இருந்த நம் தமிழர்களுக்கு அந்த அதிர்ஷ்டம் இல்லை. சயாமுக்கும் பர்மாவுக்கும் நடுவே ரயில் பாதை போட, ரப்பர் தோட்டங்களிலிருந்து அவர்களைக் கூட்டம் கூட்டமாக ஜப்பானிய ராணுவம் கொண்டு போனது. பசியாலும் காலராவாலும் அடியாலும் ஆயிரக்கணக்கானோர் காட்டிலேயே மடிந்தார்கள். யாமமோட்டோ தொடங்கி வைத்த போர், இப்படி எங்கெங்கோ இருந்த ஏழைகளின் வீட்டு விளக்கையும் அணைத்தது.

மிட்வேயில் விழுந்த அடி

1942 ஜூன் மாதம். பசிபிக் கடலின் நடுவே உள்ள மிட்வே தீவைப் பிடிக்க யாமமோட்டோ திட்டம் போட்டார். அமெரிக்காவின் விமானம் தாங்கிக் கப்பல்களை அங்கே இழுத்து அழிப்பது அவர் எண்ணம். ஆனால், ஜப்பானியர்களின் ரகசியக் குறியீட்டுச் செய்திகளை அமெரிக்கர்கள் படித்துக்கொண்டிருந்தது அவருக்குத் தெரியாது. அவர்கள் முன்பே வந்து காத்திருந்தார்கள்.

ஜூன் 4-ம் தேதி அமெரிக்க விமானங்கள் பாய்ந்தன. அகாகி, காகா, சோர்யு, ஹிர்யு என்ற நான்கு ஜப்பானிய விமானம் தாங்கிக் கப்பல்கள் நாசமாயின. ஆம், யாமமோட்டோ ஒரு காலத்தில் தலைவராக இருந்த அதே அகாகிதான். ஏறத்தாழ 3,000 ஜப்பானியர்கள் உயிரிழந்தார்கள்.

அப்போது யமாட்டோ எங்கே இருந்தது? பல நூறு கிலோ மீட்டர் பின்னால்! யாமமோட்டோ அதில்தான் இருந்தார். 42 கிலோ மீட்டர் சுடும் பீரங்கியால் அவ்வளவு தூரத்தில் எரியும் கப்பல்களுக்கு என்ன உதவி செய்ய முடியும்? ஒரு குண்டுகூடச் சுடாமல் யமாட்டோ திரும்பியது. பேர்ல் துறைமுகத் தாக்குதல் நடந்து சரியாக ஆறு மாதம் ஆகியிருந்தது. அவர் சொன்ன கணக்குப் பலித்து விட்டது.

அதன் பிறகு யமாட்டோ பெரும்பாலும் ட்ரக் தீவுத் துறைமுகத்தில் சும்மா நின்றது. எண்ணெய் அதிகம் குடிக்கும் கப்பல், அனுப்பி இழந்து விடக் கூடாதே என்று பயம். குளிர்சாதன வசதி, நல்ல சாப்பாடு எல்லாம் அதில் உண்டு. மற்ற கப்பல்களின் வீரர்கள் அதை ஹோட்டல் யமாட்டோ என்று கிண்டல் செய்தார்கள்.

கடைசிப் பயணம்

1943 ஏப்ரல் 18. போகன்வில் தீவுப் பக்கம் இருந்த வீரர்களைப் பார்த்து உற்சாகப்படுத்த விமானத்தில் கிளம்பினார் யாமமோட்டோ. எத்தனை மணிக்குக் கிளம்புவார், எங்கே இறங்குவார் என்ற விவரம் ரகசியக் குறியீட்டில் அனுப்பப்பட்டிருந்தது. அதையும் அமெரிக்கர்கள் படித்து விட்டார்கள். அவர் நேரம் தவறாதவர் என்பதும் அவர்களுக்குத் தெரியும். சொன்ன நேரத்துக்குச் சரியாக வந்தார். காத்திருந்த அமெரிக்கப் போர் விமானங்கள் அவர் விமானத்தைச் சுட்டன. அது காட்டுக்குள் விழுந்து எரிந்தது. அவருக்கு வயது 59.

விமானத்தை நம்பியவர் விமானத்திலேயே மடிந்தார். அவருடைய அஸ்தியைத் தாய்நாட்டுக்குக் கொண்டு வந்த கப்பல் எது தெரியுமா? அவர் வேண்டாம் என்று சொன்ன ராட்சதக் கப்பல்களில் ஒன்றான முசாஷி! ஜூன் 5-ம் தேதி டோக்கியோவில் அரசு மரியாதையோடு இறுதி ஊர்வலம் நடந்தது.

ராட்சதர்களின் முடிவு

இனி வந்ததை யாமமோட்டோ பார்க்கவில்லை. ஆனால், எல்லாம் அவர் எச்சரித்தபடியே நடந்தது.

1944 அக்டோபர் 24-ம் தேதி பிலிப்பைன்ஸ் அருகே முசாஷியை அமெரிக்க விமானங்கள் அலை அலையாகத் தாக்கின. டார்பிடோக்களும் குண்டுகளும் துளைத்து, மாலையில் அது மூழ்கியது. ஆயிரத்துக்கும் மேற்பட்டோர் இறந்தார்கள். மூன்றாவது கப்பலான ஷினானோவைப் பாதி வேலையிலேயே விமானம் தாங்கிக் கப்பலாக மாற்றினார்கள். காலம் கடந்து வந்த புத்தி! கடற்படையில் சேர்ந்த பத்தே நாளில், நவம்பர் 29-ம் தேதி, அமெரிக்க நீர்மூழ்கிக் கப்பல் ஒன்று அதை மூழ்கடித்தது.

மிஞ்சியது யமாட்டோ. 1945 ஏப்ரலில் அமெரிக்கப் படைகள் ஒக்கினாவா தீவில் இறங்கின. மேலே பாதுகாப்புக்கு விமானங்கள் இல்லாமலே, ஒன்பது சிறிய போர்க்கப்பல்களோடு யமாட்டோவை அனுப்பினார்கள். திரும்பி வர மாட்டோம் என்று அதில் இருந்தவர்களுக்குத் தெரியும். கிளம்பும் முன், பயிற்சி முடித்து அப்போதுதான் வந்திருந்த இளைஞர்களையும் நோயாளிகளையும் கப்பலிலிருந்து இறக்கி விட்டார்கள்.

ஏப்ரல் 7-ம் தேதி நண்பகலுக்குப் பிறகு நூற்றுக்கணக்கான அமெரிக்க விமானங்கள் சூழ்ந்தன. இரண்டு மணி நேரத்துக்குள் எல்லாம் முடிந்தது. கப்பல் கவிழ்ந்து வெடித்தது. அந்தப் புகை வெகு தூரத்தில் இருந்த ஜப்பான் கரையிலிருந்தும் தெரிந்தது. கப்பலில் இருந்தவர்கள் 3,300-க்கும் மேல். பிழைத்தவர்கள் 300 பேருக்கும் குறைவு. அத்தனை பேருக்கும் அம்மா, அப்பா, தம்பி, தங்கை இருந்திருப்பார்கள் இல்லையா?

இன்று...

யமாட்டோ கட்டப்பட்ட கூரே நகரில் 2005-ல் ஓர் அருங்காட்சியகம் திறந்தார்கள். பத்தில் ஒரு பங்கு அளவில் செய்த யமாட்டோ மாதிரி அங்கே இருக்கிறது. பத்தில் ஒரு பங்கே 26 மீட்டர் நீளம்! கடலுக்கடியில் கிடந்த முசாஷியை 2015-ல் கண்டுபிடித்தார்கள்.

இன்று எந்த நாட்டுக் கடற்படையிலும் அப்படிப்பட்ட பீரங்கிப் போர்க்கப்பல் பணியில் இல்லை. ஆனால், விமானம் தாங்கிக் கப்பல்கள் இருக்கின்றன. 2022 செப்டம்பரில் கொச்சியில் நம் கடற்படையில் சேர்ந்த ஐ.என்.எஸ். விக்ராந்தின் நீளம் 262 மீட்டர். யமாட்டோவைவிட ஒரே ஒரு மீட்டர்தான் குறைவு. அதன் பலம் பீரங்கியில் இல்லை; மேல்தளத்திலிருந்து பறக்கும் விமானங்களில் இருக்கிறது.

யாமமோட்டோ பிறந்த நாகவோகாவும் போருக்குத் தப்பவில்லை. 1945 ஆகஸ்ட் 1-ம் தேதி இரவு அமெரிக்க விமானங்கள் அந்த ஊரை எரித்தன. 1,400-க்கும் மேற்பட்ட மக்கள் இறந்தார்கள். அவர்கள் நினைவாக அங்கே ஆண்டுதோறும் ஆகஸ்ட் மாதம் வாண வேடிக்கை நடத்துகிறார்கள். 2012-ல் நாகவோகாவும், பேர்ல் துறைமுகத்தின் அருகே உள்ள ஹொனலுலு நகரமும் சகோதர நகரங்கள் ஆயின. 2015 ஆகஸ்டில் நாகவோகா மக்கள் தங்கள் வாணங்களைப் பேர்ல் துறைமுகத்துக்கே கொண்டு போய் வானத்தில் விட்டார்கள். யாமமோட்டோவின் விமானங்கள் குண்டு போட்ட அதே வானத்தில், அவர் ஊர்க்காரர்கள் ஒளிப் பூக்களைத் தூவினார்கள்!

நண்பர்களே, யாமமோட்டோ அறிவாளி. எதிர்காலத்தை முன்கூட்டியே கண்டவர். கொலை மிரட்டலுக்கும் அஞ்சாமல் உண்மையைச் சொன்னவர். அவருடைய வாழ்க்கையில் கற்றுக்கொள்ள நிறைய இருக்கிறது. ஆனால், தவறு என்று தெரிந்த வேலையைத் திறமையாகச் செய்து முடித்தாரே, அதை மட்டும் நாம் கற்றுக்கொள்ளக் கூடாது. தவறு என்று சொல்ல ஒரு தைரியம் வேண்டும். அதைச் செய்ய மாட்டேன் என்று சொல்ல, அதைவிடப் பெரிய தைரியம் வேண்டும்.

அந்தத் தைரியத்தை இப்போதே, சின்னச் சின்ன விஷயங்களிலிருந்தே பழகுங்கள். சரிதானே?